தபால் முத்திரை

28.09.2012
தங்கச்சி வவுனியாவிலிருந்து பேசினாள். கொழும்பு சுவிஸ் தூதரகத்துக்குக் கடிதத்தைப் பதிவுத் தபாலில் போட்டுவிட்டாளாம். என்றைக்கு என்று கேட்பதற்குள் அழைப்பு அறுந்துவிட்டது.

29.09.2012
பெர்னிலிருந்து பெரியண்ணா பேசினார். இன்று முதல் தூதரகங்களில் தஞ்ச விண்ணப்பம் வாங்கமாட்டார்களாம். நேற்றுதான் அங்கே பாராளுமன்றத்தில் முடிவாயிற்று. முன்பே கொடுத்தவற்றை மட்டும் பார்ப்பார்களாம். ஊரில் இருந்தபடியே எழுதிக் கேட்க அந்த ஒரு வழிதான் இருந்தது. இனிக் கள்ளத் தோணி ஏறி, எல்லை தாண்டி, அந்த மண்ணை மிதித்துத்தான் கேட்க வேண்டும். இரண்டு பிள்ளைகளோடு அவள் எந்தத் தோணியில் ஏறுவாள்?

2009 மே மாதம் போர் முடிந்தபோது வட்டுவாகலில் புருஷனைத் தன் கையாலேயே இராணுவத்திடம் கையளித்தவள். எங்கே அவர் என்று கேட்டுக்கொண்டே இருக்கிறாள். அதனால்தான் இரவில் வருகிறார்கள்.

30.09.2012
தூங்கவில்லை.

01.10.2012
அகதி முகாமில் தணிக்கை. ஆள் நேரில் நின்றால்தான் பணம். 1990இல் மண்டபம் முகாமில் பதிந்த பெயர், இன்று புழலில் கூப்பிட்டார்கள், கை தூக்கினேன். இந்தியா அகதிகள் உடன்படிக்கையில் கையெழுத்திடாத நாடு. தங்கச்சியை இங்கே கூப்பிட்டால் இந்தப் பத்துக்குப் பத்து அறையில் அவளுக்கும் ஓர் அட்டை கிடைக்கும், அவ்வளவுதான். ஆனால் உயிரோடு இருப்பாளே.

மகள் பாடப் புத்தகத்தோடு வந்து, "நடுநிலை நாடு என்றால் என்னம்மா?" என்றாள். எவர் போரிலும் சேராத நாடு என்றேன். தலைமன்னாரிலிருந்து வந்தபோது தோணிக்காரர் எங்களை இறக்கிவிட்டுப் போன மணல் திட்டு நினைவுக்கு வந்தது. விடியும்வரை சுற்றிலும் தண்ணீர். தங்கச்சி அன்று அம்மாவோடு தலைமன்னாரிலேயே நின்றுவிட்டாள். நான் இன்னும் கொஞ்சம் இழுத்திருக்கலாம்.

03.10.2012
தங்கச்சி தபால் சீட்டைப் பார்த்துச் சொன்னாள்: மை கசிந்திருக்கிறது, 26ஆ 28ஆ தெரியவில்லை. அனுப்பிய நாளா, கிடைத்த நாளா, எதைப் பார்ப்பார்கள்? அண்ணாவுக்கும் தெரியவில்லை.

மின்வெட்டு. மெழுகுவர்த்தி வெளிச்சத்தில் மகளின் நோட்டில் மைப் பேனாவால் 26 என்று எழுதி, விரலை நனைத்துத் தேய்த்தேன். ஆறு எட்டாகிறது. 28 எழுதித் தேய்த்தேன். எட்டு ஆறாகவில்லை. அப்படியென்றால் அது 26ஆகத்தான் இருக்க வேண்டும். இரண்டு பக்கம் எழுதிப் பார்த்தேன். வேலை முடிந்து வந்தவர் பெயிண்ட் கறை போகாத கையால் நோட்டை மெல்ல மூடிவைத்தார்.

05.10.2012
இன்றும் எழுதினேன். ஓர் எட்டு ஆறைப் போலவே ஆகிவிட்டது.

09.10.2012
பதில் இல்லை. நேற்று இரவும் அவள் வாசலில் மோட்டார் சைக்கிள் வந்து நின்றதாம். அம்மியை நகர்த்திக் கதவுக்கு முட்டுக் கொடுத்திருக்கிறாள்.