பலூனில் பிடித்த ரேடான்

கதிரியக்கப் பொருள் எதையும் வாங்காமல் அரை ஆயுளை, அதாவது கதிரியக்க அணுக்களில் பாதி சிதைய ஆகும் நேரத்தை, வீட்டிலேயே அளக்கலாம் என்று படித்தபோது எனக்குச் சந்தேகம்தான். கதிர்வீச்சை எண்ணும் ஒரு கைகர் கருவி, ஒரு பலூன், கதவு ஜன்னல் அடைத்துக் கிடக்கும் தரைத்தள அறை, இவ்வளவு போதுமாம். சரி, செய்துதான் பார்ப்போமே என்று இறங்கினேன்.

மண்ணிலும் கல்லிலும் கொஞ்சம் யுரேனியம் எங்கேயும் உண்டு. அது படிப்படியாகச் சிதைந்து ரேடியம்-226 ஆகிறது, ரேடியத்திலிருந்து ரேடான்-222 பிறக்கிறது. ரேடான் எதோடும் ஒட்டாத மந்த வாயு. அதனால் தரை விரிசல் வழியாக அறைக்குள் கசிந்து வந்துவிடும். அதன் அரை ஆயுள் 3.8 நாள். அது சிதைந்தபின் வரும் பொலோனியம், ஈயம், பிஸ்மத் எல்லாம் திடப்பொருள்கள். அவற்றில் பல நேர்மின்னூட்டத்தோடு பிறந்து, நுண்தூசியில் தொற்றிக்கொண்டு மிதக்கும். தலைமுடியில் தேய்த்த பலூனில் எதிர்மின்னூட்டம் ஏறியிருக்கும், அதனால் அது இவற்றை இழுத்துக்கொள்ளும்.

பலூனைத் தொடுவதற்கு முன் வெறும் அறையின் பின்னணி எண்ணிக்கையை, அதாவது சுற்றுப்புறத்தில் எப்போதும் இருக்கிற கதிர்வீச்சை, எடுக்க வேண்டும். இதுதான் பொறுமையைச் சோதிக்கிற கட்டம். ஒரு நிமிடம் 18 என்று காட்டும், அடுத்த நிமிடம் 29 என்று தாவும். கருவியில் கோளாறு எதுவும் இல்லை. எந்த அணு எப்போது சிதையும் என்று யாராலும் சொல்ல முடியாது, சராசரியைத்தான் சொல்ல முடியும். சராசரி 25 என்றால் அதன் வர்க்கமூலமான 5 அளவுக்கு மேலும் கீழும் ஆடுவது இயல்பு. நிமிடக் கணக்கை விட்டுப் பத்து நிமிடக் கூட்டுத்தொகைக்கு மாறினேன், ஆட்டம் அடங்கியது.

அப்புறம் பலூனை எல்லாப் பக்கமும் தேய்த்து, நூலில் கட்டித் தொங்கவிட்டு, கதவைச் சாத்திவிட்டு வந்தேன். காற்றில் ஈரப்பதம் அதிகமிருந்தால் மின்னூட்டம் ஒழுகிவிடும் என்பதால் வறண்ட நாளாகப் பார்த்துக்கொண்டேன். ஒரு மணி நேரம் போல ஆனதும் காற்றை இறக்கினேன். பலூனின் பரப்பு முழுக்கப் பிடித்ததெல்லாம் இப்போது ஒரு சின்ன ரப்பர் சுருளில். அதைக் கருவியின் குழாயோடு ஒட்டி வைத்ததும் டிக் டிக் சத்தம் சடசடவென்று மாறியது. பின்னணியைப் போல் பல மடங்கு! இதில் பயப்பட ஒன்றுமில்லை, அந்த அறையில் நாம் சுவாசிக்கிற அதே தூசிதான். கையைக் கழுவிவிட்டால் போதும்.

பின்னணியைக் கழித்துவிட்டு, பத்து நிமிடத்துக்கு ஒரு புள்ளியாக வரைபடத்தில் வைத்துக்கொண்டே வந்தேன். எண்ணிக்கை இறங்கியது, ஆனால் புத்தகத்தில் இருக்கிற வளைவு மாதிரி இல்லை. தொடக்கத்தில் சோம்பலாக இறங்கி, போகப் போக வேகம் பிடித்தது. காரணம், ரப்பரில் இருப்பது ஒரே வகைக் கதிரியக்க அணு அல்ல. பொலோனியம்-218 சுமார் 3 நிமிடத்தில் பாதியாகிறது. அது உமிழும் கனமான ஆல்பா துகள்களோ என் கருவியின் உலோகக் குழாய்ச் சுவரைத் தாண்டாது. ஆக, நான் எண்ணியது பெரும்பாலும் ஈயம்-214, பிஸ்மத்-214 ஆகியவற்றின் பீட்டா கதிர்களை, அதாவது வேகமான எலக்ட்ரான்களை. ஈயத்துக்கு அரை ஆயுள் 27 நிமிடம், பிஸ்மத்துக்கு 20. பிஸ்மத் ஒருபுறம் கரையக் கரைய, மறுபுறம் ஈயம் சிதைந்து புதிய பிஸ்மத்தைத் தந்துகொண்டே இருக்கும். அதனால்தான் முதலில் எண்ணிக்கை பாதியாக 27 நிமிடத்துக்கும் மேல் பிடித்தது, பிற்பாடுதான் சரிவு ஈயத்தின் வேகத்தை நெருங்கியது. ஒழுங்கான வளைவு கிடைத்திருந்தால்கூட எனக்கு இவ்வளவு சந்தோஷம் வந்திருக்காது.

வேறொரு நாள் ஜன்னல்களை நன்றாகத் திறந்து வைத்துவிட்டு இதையே செய்தேன். ரேடான் வெளியே போய்விட்டதால் எண்ணிக்கை பின்னணியைவிடக் கொஞ்சம்தான் கூடியது. மற்றபடி, பலூனின் கதிரியக்கம் முழுவதும் அடங்கிவிடவில்லை. இந்தச் சிதைவுச் சங்கிலியில் அடுத்து வரும் ஈயம்-210 பாதியாக 22 ஆண்டு ஆகும். அது என் கருவிக்கு எட்டாத அளவு சொற்பம் என்பதால் ரப்பரைக் குப்பையில் போட்டுவிட்டேன்.