பிழைவாள்

மூன்று ஆண்டுகளாக நான் எழுதிவரும் கற்பனை நாவலில் ஓர் ஆற்றங்கரை நாடு வருகிறது. பெயரளவில் அதை ஆள்பவர்கள் அரசர்கள். ஆனால் வரி, நிலம், நீர்ப்பங்கீடு ஆகிய மூன்றும் கணக்கதிகாரிகளின் கையில் இருக்கின்றன. அவர்கள் ஒவ்வொருவரும் இடுப்பின் வலப்புறத்தில் ஒரு சாண் நீளமுள்ள கத்தியை அணிந்திருப்பார்கள். அதற்குப் பிழைவாள் என்று பெயரிட்டேன். முதல் வரைவில் வெள்ளிப் பிடியும் சிவப்புக் குஞ்சமுமாக அது அணிகலனாக மட்டுமே இருந்தது. வரைவைப் படித்த தோழி, "இந்தக் கத்தியால் இவர்கள் எதை வெட்டுகிறார்கள்?" என்று கேட்டபோது என்னிடம் விடை இல்லை. சடங்குக்கென்று எந்தக் கருவியும் பிறப்பதில்லை. அது முன்பு எங்கோ உழைத்திருக்க வேண்டும். அந்த உழைப்பைக் கண்டுபிடிக்காமல் நாவலைத் தொடர முடியாது என்று தோன்றியது.

விடை பழைய சீனத்தில் கிடைத்தது. காகிதம் பரவுவதற்கு முன் அங்கே அரசு ஆவணங்களை மூங்கில் கீற்றுகளிலும் மெல்லிய மரப்பலகைகளிலும் தூரிகை கொண்டு மையால் எழுதினார்கள். எழுத்து பிழைத்தால் அதைச் சீவி எடுக்க எழுத்தர்கள் ஒரு சிறு கத்தியை வைத்திருந்தார்கள். அதன் பெயர் ஷூதாவ், அதாவது எழுத்துக் கத்தி. எழுத்துகளைச் செதுக்குவதற்கான கருவி இது என்று சிலர் நினைப்பதுண்டு. உண்மையில் எழுதியது தூரிகை. கத்தியின் வேலை அழிப்பது. இவ்விரண்டையும் சேர்த்து அக்கால எழுத்தர்களைக் 'கத்தி தூரிகைக்காரர்கள்' என்ற பொருளில் அழைத்தார்கள். ஹான் பேரரசின் முதல் தலைமை அமைச்சரான ஷியாவ் ஹ, அதற்கு முந்தைய சின் ஆட்சியில் இத்தகைய எழுத்தராக இருந்தவர் என்று வரலாற்றாசிரியர் சிமா சியான் குறிக்கிறார்.

அதே சிமா சியான் சொல்லும் இன்னொரு செய்திதான் என்னைப் பல நாள் தூங்கவிடவில்லை. லீ குவாங் என்ற தளபதி வாழ்நாளெல்லாம் எல்லைப்போரில் கழித்தவர். கி.மு. 119இல் நடந்த படையெடுப்பில் அவருடைய படை வழிதவறித் தாமதமாகிவிட, விசாரணைக்கு வந்து பதில் சொல்லும்படி ஆணை வந்தது. அறுபது வயதைக் கடந்த தாம் இனிக் கத்தி தூரிகைக்காரர்கள் முன் நிற்க இயலாது என்று கூறி, அவர் தம் வாளால் உயிரை மாய்த்துக்கொண்டார். எத்தனையோ வாள்களை எதிர்கொண்ட ஒருவர், மரத்தைச் சீவுவதற்கு மட்டுமே பயன்படும் ஒரு சிறு கத்தியை வைத்திருப்பவர்களின் முன் போக மறுத்து இறந்தார் என்றால், அந்தக் கத்தியின் கூர்மை எங்கே இருந்தது என்று யோசிக்கத் தொடங்கினேன். எழுதுவதற்குப் பலருக்கு அனுமதி இருக்கலாம். எழுதியதை இல்லாமல் ஆக்குவதற்கான உரிமை சிலரிடமே இருக்கும். அதிகாரம் என்று நான் புரிந்துகொள்வது இந்த இரண்டாவதைத்தான்.

இதை என் வீட்டிலேயே பார்த்திருக்கிறேன். என் தாத்தா கைப்படப் பத்திரம் எழுதிய காலத்து எழுத்தர். தம் வீட்டுக் கணக்கேட்டில் தவறிருந்தால், சவர பிளேடை இரண்டாக ஒடித்து, ஒரு பாதியின் முனையில் காகிதம் சுற்றிப் பிடித்துக்கொண்டு மையை மெல்லச் சுரண்டுவார். பிறகு கட்டைவிரல் நகத்தால் அந்த இடத்தை வழவழப்பாகும்வரை தேய்ப்பார். தேய்க்காமல் எழுதினால் மை கசிந்துவிடும். ஆனால் முத்திரைத்தாளின் பக்கம் அந்தப் பிளேடு ஒருபோதும் போகாது. அங்கே தவறான சொல்லின் மேல் ஒரே ஒரு கோடு இழுப்பார். அடித்த சொல்லைப் பிறகும் எவரும் படிக்க முடியும். பக்கத்தின் அடியில் அடித்தல் எத்தனை, திருத்தல் எத்தனை என்று குறித்து, உரியவர்களிடம் சுருக்கொப்பம் வாங்குவார். "அடித்தல் திருத்தல் இல்லை" என்று எழுதி முடிக்கும் நாளில் அவர் முகத்தில் தெரியும் நிறைவை நான் மறக்கவில்லை.

தாத்தாவின் அந்த ஒற்றைக் கோட்டிலிருந்துதான் பிழைவாளின் சட்டம் உருவானது. என் நாட்டில் கணக்குகள் மெல்லிய மரப்பலகைகளில் எழுதப்படுகின்றன. பிழையை நீக்க வேண்டுமானால், பாதிக்கப்பட்டவரும் ஊரார் இருவரும் பார்த்திருக்க, அதிகாரி தம் கையாலேயே சீவ வேண்டும். சீவல்களை ஒரு துணிப்பையிலிட்டு முடிந்து, திருத்திய பலகையோடு சேர்த்துக் கட்ட வேண்டும். சீனத்தின் வடமேற்கு எல்லையில் இருந்த பழைய நிலையங்களில் எழுத்தோடு கூடிய சீவல்கள் இன்றும் கிடைக்கின்றன. அங்கே குப்பையாக விழுந்தவற்றை என் நாட்டில் சான்றாக ஆக்கிக்கொண்டேன்.

கி.பி. 404இல் ஹுவான் சுவான் என்ற ஆட்சியாளர் அரசு ஆவணங்களுக்கு மூங்கிலை விட்டுக் காகிதத்தைக் கைக்கொள்ள ஆணையிட்டார். காகிதம் வந்தபின் சீவுவதற்கு ஏதுமில்லை. என் நாட்டிலும் ஒரு கட்டத்தில் காகிதம் வருகிறது; கத்தி மட்டும் இடுப்பிலேயே தங்கிவிடுகிறது. அதனால் ஆண்டின் முதல் நாளில் ஒவ்வோர் அதிகாரியும் சந்தையின் நடுவில் அமர்ந்து, கடந்த ஆண்டில் தாம் செய்த பிழை ஒன்றைப் பலகையில் எழுதி, உரக்கப் படித்து, பிழைவாளால் சீவுகிறார். அதற்குமுன் கத்தியைச் சாணைக்கல்லில் தீட்ட வேண்டும் என்பது விதி. தீட்டத் தீட்ட அலகு தேயும். இருபது ஆண்டு பணியாற்றியவரின் கத்தி நடுவில் குழிந்து, பிறைபோல மெலிந்திருக்கும். வெள்ளிப் பிடியையும் குஞ்சத்தையும் இப்போது எடுத்துவிட்டேன். தேய்ந்த அலகைவிடப் பெரிய அணி அதற்குத் தேவையில்லை.

ஐந்தாம் அத்தியாயத்தைச் சென்ற வாரம் மாற்றி எழுதினேன். பதினெட்டு ஆண்டு பணிமூப்புள்ள புதிய அதிகாரி படகிலிருந்து இறங்குகிறார். நீர்ப்பங்கீட்டு வழக்கோடு காத்திருக்கும் மூதாட்டி அவருடைய முகத்தைப் பார்ப்பதில்லை. இடுப்பில் தொங்கும் கத்தியைப் பார்க்கிறாள். அலகு கொல்லன் வடித்துக் கொடுத்த அதே அகலத்தில் இருக்கிறது. மடியில் வைத்திருந்த பலகையை முந்தானைக்குள் மறைத்துக்கொண்டு அவள் வீட்டுக்குத் திரும்பி நடக்கிறாள்.