மகாமகத்தன்று குரு எங்கே இருந்தார்?

கும்ப ராசியில் சூரியன், சிம்ம ராசியில் குரு என்கிற வியாழன், மக நட்சத்திரத்தில் பௌர்ணமிச் சந்திரன். மூன்றும் கூடிவரும் நாள்தான் மகாமகம். மாசி மகம் வருஷா வருஷம் வந்துவிடும். குரு சிம்மத்துக்குத் திரும்பி வரத்தான் ஒரு மாமாங்கம் ஆகிறது. 2004-க்குப் பிறகு அப்படிக் கூடியது 2016 பிப்ரவரி 22, திங்கட்கிழமை. பெரியம்மாவை அழைத்துக்கொண்டு, மகாமகக் குளத்தில் நீராடக் கும்பகோணம் போனேன்.

1992-ல் நெரிசலில் பல உயிர்கள் போனபோது பெரியம்மா அந்த ஊரில்தான் இருந்தார். கூட்டத்துக்குப் பயந்து கரைப்பக்கமே போகவில்லை. 2004-ல் மகளுக்குப் பிரசவ நேரம். "இதை விட்டா எனக்கு அடுத்தது கிடையாதுடா" என்று தை பிறந்ததிலிருந்தே சொல்ல ஆரம்பித்துவிட்டார். நெரிசல், வெயில், கால்வலி என்று நான் அடுக்கிய எதுவும் எடுபடவில்லை.

விடியற்காலையிலேயே கயிறு கட்டி வழி பிரித்திருந்தார்கள். ஒரு பக்கம் இறங்கினால் மறுபக்கம் ஏறிவிட வேண்டும், நடுவில் நிற்க விடமாட்டார்கள். தண்ணீர் முழங்காலைத் தாண்டவில்லை. ஆறு ஏக்கருக்கு மேல் பரந்த குளத்தில் இவ்வளவுதான் நீரா என்று முணுமுணுத்தவர்கள் உண்டு. 1992-ஐ நினைத்தால் அந்த முழங்கால் நீர் எவ்வளவு பெரிய புத்திசாலித்தனம் என்று புரியும். பெரியம்மா ஒரு சின்னப் பித்தளைச் செம்பைக் கயிறு போட்டு மணிக்கட்டில் கட்டிக்கொண்டு வந்திருந்தார். கூட்டத்தில் கை தவறினால் குனிந்து எடுக்க முடியாது என்பது அவர் கணக்கு. அந்தக் கயிற்றின் மறுமுனையை என் விரலில் சுற்றிவிட்டார். செம்புக்கா எனக்கா என்று கேட்கவில்லை.

குளத்துக்குள் இருபது தீர்த்தக் கிணறுகள். பெயர்களைக் கேட்டால் அதிலேயே ஓர் ஒழுங்கு தெரியும். கங்கை, யமுனை, சரஸ்வதி, நர்மதை, கோதாவரி, காவிரி, குமரி, சரயு, பயோஷ்ணி என்று ஆறுகள் பெயரில் ஒன்பது. இந்திரன், அக்னி, யமன், நிருதி, வருணன், வாயு, குபேரன், ஈசானன் என்று திக்குப் பாலகர்கள் பெயரில் எட்டு. மிச்சம் பிரம்ம தீர்த்தம், தேவ தீர்த்தம், அறுபத்தாறு கோடி தீர்த்தம். எல்லாவற்றையும் சுற்றி வர அன்றைக்கு யாருக்கு முடியும்? கிணற்று மேடையில் நின்றவர்கள் இறைத்து ஊற்றியதைத் தலையில் வாங்கிக்கொண்டே நகர்ந்தோம். கலங்கல் தண்ணீர், மஞ்சள் வாசனை, முன்னால் போனவரின் ஈரத்துண்டு முகத்தில் அறைகிறது. பெரியம்மா மட்டும் ஒவ்வொரு கிணற்றருகிலும் செம்பை நீட்டிக்கொண்டிருந்தார்.

வடகரையில் காசி விஸ்வநாதர் கோயில். அங்கே நவகன்னியர் சன்னதியில் ஒன்பது நதிப் பெண்களும் வரிசையாக இருக்கிறார்கள். ஊரார் பாவத்தையெல்லாம் எங்களிடம் கரைத்துவிட்டுப் போகிறார்களே, நாங்கள் எங்கே போய்க் கரைப்போம் என்று அவர்கள் சிவபெருமானிடம் முறையிட, மகாமகத்தன்று குடந்தையில், அதாவது கும்பகோணத்தில், போய் நீராடுங்கள் என்றாராம். எனக்கு இந்தத் தலபுராணத்தில் மிகவும் பிடித்த இடம் இதுதான். நாம் புண்ணியம் தேடிப் போகும் நாளில், புண்ணிய நதிகளே தங்கள் அழுக்கைக் கழுவ வந்து நிற்கின்றன. அப்பர் சுவாமிகளும் குடந்தைக் கீழ்க்கோட்டத்துக் கூத்தனைப் பாடும்போது காவிரி, யமுனை, கங்கை, சரஸ்வதி என்று தீர்த்தங்களை வரிசையாகச் சொல்கிறார்.

மற்ற ஊரில் செய்த பாவம் காசியில் தீரும், காசியில் செய்தது கும்பகோணத்தில் தீரும், கும்பகோணத்தில் செய்தது கும்பகோணத்திலேயே தீரும் என்பார்கள். உள்ளூர்க்காரர்களுக்கு இது எவ்வளவு வசதி என்று சொன்னதற்குப் பெரியம்மா என் தலையில் குட்டினார்.

உச்சிப்பொழுதை ஒட்டித் தீர்த்தவாரி, அதாவது சுவாமி நீராடும் நேரம். பன்னிரண்டு சிவாலயங்களின் மூர்த்திகள் கரையைச் சுற்றி எழுந்தருளி நிற்க, சுவாமியின் ஆயுத வடிவான அஸ்திரதேவரை நீரில் அமிழ்த்தினார்கள். எங்கள் இடத்திலிருந்து குடையின் நுனியும் தலைகளும்தான் தெரிந்தன. மேளச் சத்தத்தை வைத்துத்தான் இப்போது, இப்போது என்று ஊகித்தோம். "ஹர ஹர மகாதேவா" என்ற குரல் கரைக்குக் கரை தாவி எங்களிடம் வந்து சேர்ந்தபோது பெரியம்மா கண்ணை மூடிக்கொண்டார்.

படியேறிய பிறகு, பதினாறு மண்டபங்களில் ஒன்றின் நிழலில் ஒண்டினோம். தஞ்சை நாயக்கர்களின் அமைச்சர் கோவிந்த தீட்சிதர் கட்டியவை இவை. ஒரு மண்டபத்தின் விதானத்தில் துலாபாரக் காட்சியையே செதுக்கி வைத்திருக்கிறார்கள். அங்கே உட்கார்ந்தபோதுதான் எனக்கு வழக்கமான கிறுக்கு பிடித்தது. "பெரியம்மா, பௌர்ணமின்னா சூரியனுக்கு நேர் எதிரேதான் சந்திரன். குருவும் அதே சிம்ம ராசி. இப்ப உச்சி வெயில். அப்படின்னா நாம முழுகின நேரத்துல ரெண்டு பேரும் வானத்துலயே இல்லை. நம்ம காலுக்கு அடியில, பூமிக்கு அந்தப் பக்கம் இருக்காங்க."

அவர் கூந்தலைத் தட்டி முடிந்துகொண்டே, "அப்ப குளத்துக்குள்ளதான் இருந்தாங்கன்னு சொல்லு" என்றார்.

பொற்றாமரைக் குளத்தில் கால் நனைத்து, கும்பேசுவரரையும் மங்களாம்பிகையையும் சேவித்துக்கொண்டு, காவிரிச் சக்கரப் படித்துறைக்குப் போவதற்குள் அவருக்குக் கால் ஓய்ந்துவிட்டது. தலையில் தெளித்துக்கொண்டதோடு சரி.

இரவு ஒன்பது மணிக்கு மேல், தங்கியிருந்த உறவினர் வீட்டு மொட்டைமாடிக்குப் போனேன். கிழக்கே முழு நிலா. அதற்குச் சற்று மேலே இடப்பக்கம், நிலவொளியில் மங்கிப்போன ஒரு விண்மீன். அதுதான் மகம். கையை நீட்டி முஷ்டி மடக்கிப் பிடித்து, நிலாவிலிருந்து இரண்டு முஷ்டி கீழே இறங்கினால், மினுக்காமல் திடமாக ஒரு வெள்ளை ஒளி: குரு. பஞ்சாங்கத்தில் கட்டத்துக்குள் இரண்டெழுத்தாகவே பார்த்துப் பழகியவர் நேரில் நின்றார். பகலில் லட்சக்கணக்கானவர்கள் இவருக்காகத்தான் வந்தார்கள். இப்போது பக்கத்து மாடிகளில் துணிதான் காய்ந்துகொண்டிருந்தது. பெரியம்மாவைக் கூப்பிட்டேன். மாடிப்படி ஏற முடியாது என்று வாசலுக்கு வந்தார். காட்டினேன். கன்னத்தில் போட்டுக்கொண்டு, "இவ்வளவு பளிச்சுனா இருக்கார்?" என்றார்.

குரு ஒரு சுற்று சுற்றிவர 11.86 ஆண்டுகள். பன்னிரண்டுக்குக் கொஞ்சம் குறைவு. அதனால் ஒவ்வொரு மகாமகத்துக்கும் அவர் சுமார் நான்கு பாகை முன்னே போயிருப்பார். 2016-ல் ஏற்கெனவே சிம்மத்தின் கடைசிப் பகுதிதான். இப்படியே தள்ளித் தள்ளிக் கன்னிக்குள் போய்விடும் சுற்றில், பதினோராம் ஆண்டிலேயே மகாமகம் கொண்டாடுவது வழக்கம். வானத்தைப் பார்த்து வைத்த விழா என்பதற்கு இதைவிட என்ன சாட்சி வேண்டும்?

அடுத்தது 2028 மாசியில். வயதானவர்களோடு போகிறவர்கள் பத்து நாள் உற்சவத்தில் முன்னதாக ஒரு நாள் போய்க் குளத்தில் முழுகிவிடுங்கள், கூட்டம் இவ்வளவு இருக்காது. ஆனால் மகத்தன்று இரவு ஊரிலேயே தங்குங்கள். அறை சொல்லி வைக்கும்போது, மொட்டைமாடிக் கதவுக்குப் பூட்டு போடுவார்களா என்று மட்டும் கேட்டுக்கொள்ளுங்கள்.