110 யூரோ டாக்ஸியும் ராட்டினத்தில் சிரிக்காத முகமும்

பாரிஸ் பயணத்தைப் பற்றி எழுதுவதாகச் சொல்லியிருந்தேன். முதலில் கோபத்தைக் கொட்டிவிடுகிறேன். பாரிஸ் சார்ல் தெ கோல் விமான நிலையத்தில் வெளியே வந்ததுமே ஓடி வந்து பெட்டியைப் பிடித்த ஆளை நம்பிக் காரில் ஏறிவிட்டேன். சேன் நதியின் இடது கரைக்கு அப்போது அரசு நிர்ணயித்திருந்த டாக்ஸி கட்டணம் 65 யூரோ. அவர் கறந்தது 110! என் மூன்று நாள் சாப்பாட்டுக் காசு போயிற்று. வரிசையில் நிற்கும் டாக்ஸியைத் தவிர எதிலும் ஏறாதீர்கள்.

மறுநாள் மதியம் பாரிஸின் லா ஷப்பேல் பகுதியில் ஈழத் தமிழர் கடை ஒன்றில் கொத்து ரொட்டி. "தம்பி, இன்னும் கொஞ்சம் குழம்பு விடட்டோ?" என்று அந்த அக்கா கேட்டதில் பாதிக் கோபம் இறங்கிவிட்டது.

அப்புறம் 5ஆம் எண் மெட்ரோ, கடைசி நிறுத்தம் வரை. பக்கத்திலேயே பதே என்ற பழைய பிரெஞ்சுப் பட நிறுவனத்தின் அறக்கட்டளை. முகப்புச் சிற்பங்கள் பிரெஞ்சுச் சிற்பி ரோடான் இளம் வயதில் செதுக்கியவை. உள்ளே 68 பேர் உட்காரும் சின்ன அரங்கு. ஊமைப்படங்களை நேரடி பியானோவோடு காட்டுகிறார்கள்.

அன்று பிரெஞ்சு இயக்குநர் ழான் எப்ஸ்தைன் 1923இல் எடுத்த 'கர் ஃபிதேல்' (விசுவாசமான இதயம்). மார்செய் துறைமுகச் சாராயக்கடையில் வளரும் மரி என்ற பெண்ணை முரடன் ஒருவன் இழுத்துக்கொண்டு போகிறான். திருவிழாவில் அவளை ராட்டினத்தில் ஏற்றுகிறான். கேமராவும் கூடவே சுற்றுகிறது. பின்னால் கூட்டம், விளக்கு, வானம் எல்லாம் கோடாக ஓடுகின்றன. அவன் கை அவள் தோளில். அவள் முகத்தில் மட்டும் அசைவே இல்லை. பியானோ வாசித்த பெண் அந்த இடத்தில் சத்தத்தைக் குறைத்துவிட்டார். எனக்குத் தொண்டை அடைத்தது.

மரியின் காதலனாக வரும் லியோன் மாத்தோ, அதற்கு ஐந்து வருடம் முன்பு டூமாவின் புகழ்பெற்ற நாவல் நாயகன் மாண்டி கிறிஸ்டோ பிரபுவாக நடித்துப் பெயர் வாங்கியவர். நல்ல உடற்கட்டு. அப்படிப்பட்ட ஆளைக் கடலோரத்தில் வெறுமனே காத்திருக்க வைத்து, அந்த முகத்தின்மேல் அலைகளின் பிம்பத்தைப் படர விடுகிறார் எப்ஸ்தைன். இன்றைய நாயகர்கள் பத்துப் பேரை அடித்தாலும் இந்தக் கனம் வராது.

கடைசியில் முரடனைச் சுடுவது ஊன்றுகோலோடு நடக்கும் பக்கத்து வீட்டுப் பெண். நடித்தவர் இயக்குநரின் தங்கை மரி எப்ஸ்தைன். கதை எழுதியதிலும் அவருக்குப் பங்கு உண்டு. பிற்பாடு பல ஆண்டுகள் பிரெஞ்சுத் திரைப்படக் காப்பகத்தில் பழைய படச்சுருள்களைக் காப்பாற்றியவரும் அவரே.

தங்குமிடம், செலவுக் கணக்கு எல்லாம் வரிசையாக எழுதுவதாகச் சொல்லியிருந்தேன். சரி, அது அடுத்த பதிவில். ஈஃபில் கோபுர லிஃப்டுக்கு ஒதுக்கிய காசில் அடுத்த காட்சிக்கும் அங்கேயே டிக்கெட் எடுத்துவிட்டேன்.