ஒரே டெஸ்டுக்கு கேப்டன்

1958-59ல் வெஸ்ட் இண்டீஸ் இங்கே வந்தபோது ஐந்து டெஸ்டுகளில் நம் அணிக்கு நாலு கேப்டன்கள்! குலாம் அகமது, உம்ரிகர், மன்கட் எல்லாம் முடிந்து, கடைசி டெல்லி டெஸ்டுக்குக் கூப்பிட்டது ராணுவ அதிகாரி ஹேமு அதிகாரியை. (பெயரும் அதிகாரி, வேலையும் அதிகாரி.)

அப்போது அவருக்கு வயது 39. வெஸ்ட் இண்டீஸ் வேகப்பந்து வீச்சாளர்கள் ஹால், கில்கிறிஸ்ட் வேகத்துக்கு எதிரே இரண்டு இன்னிங்ஸில் 63, 40 ரன். போதாததற்கு 3 விக்கெட். ஆட்டம் டிரா. அதுதான் அவருடைய கடைசி டெஸ்டும்.

அதே டெல்லியில் 1952ல் பாகிஸ்தானுக்கு எதிராகக் கடைசி விக்கெட்டுக்கு குலாம் அகமதுவுடன் 109 ரன் சேர்த்ததும் இவர்தான். அப்புறம் 1971ல் கேப்டன் அஜித் வடேகரின் இந்திய அணி இங்கிலாந்தில் முதல்முறை தொடரை வென்றபோது மேனேஜர் யார்? இதே கர்னல்தான். வடேகரைத் தெரிந்த பலருக்கு இவரைத் தெரியாது என்பதில் எனக்குக் கொஞ்சம் வருத்தம்.