நெஞ்சுல கேஸு பிடிச்சிக்கிச்சு சிஸ்டர்

தண்டையார்பேட்டையில் ஒரு சின்ன மருத்துவமனையில் நர்ஸாக இருக்கிறேன். காசிமேட்டில் மீன் விற்கும் அக்காக்கள், ஹார்பர் லோடுமேன்கள், லாரி ஓட்டுகிறவர்கள், இவர்கள்தான் எங்களிடம் அதிகம் வருவார்கள். உடம்புக்கு என்ன என்று கேட்டால் பாதி வார்த்தை ஆங்கிலத்தில் வரும். நர்சிங் புத்தகத்தில் நான் படித்த அர்த்தம் மட்டும் அதில் இருக்காது.

"ரெண்டு நாளா ஃப்ரீயா போவல" என்றால் மலச்சிக்கல். "மாத்திரை செட் ஆவல" என்றால் ஒத்துக்கொள்ளவில்லை. "பவர் ஜாஸ்தி" என்பவர் மில்லிகிராம் கணக்கெல்லாம் பார்ப்பதில்லை. போட்டதும் தலை சுற்றியிருக்கும், இல்லை வயிறு எரிந்திருக்கும். 'ஃபிட்' என்றால் திடமான உடம்பு, 'ஃபிட்ஸ்' என்றால் வலிப்பு. இதில் யாரும் இங்கே குழம்பிப் பார்த்ததில்லை.

'நார்மல்' அப்படி இல்லை. இங்கே அதற்கு சுகப்பிரசவம் என்றும் அர்த்தம். எட்டு மாதக் கர்ப்பிணியின் ஸ்கேனைப் பார்த்துவிட்டு 'எல்லாம் நார்மல்' என்றால், கூட வந்த மாமியார் ஆபரேஷன் கிடையாது என்று முடிவு கட்டிவிடுவார். அதனால் "குழந்தை நல்லா வளருது, பிரசவம் எப்படின்னு அப்போதான் தெரியும்மா" என்று பிரித்துச் சொல்கிறேன். 'பாடி' என்ற சொல்லை வார்டில் வாயிலேயே எடுப்பதில்லை. இந்தப் பக்கம் அது பிணம். உயிரோடு இருப்பவருக்கு உடம்பு.

இவையெல்லாம் ஒருநாள் சங்கடத்தோடு போய்விடும். என்னை உண்மையில் கவலைப்பட வைப்பவை இரண்டு சொற்கள்.

ஒன்று பிரஷர். 'அவனுக்கு பிரஷர் ஏறிச்சு' என்றால் கோபம் வந்துவிட்டது என்று பொருள். அதனால் சாந்தமான மனுஷன் தனக்கு பிரஷர் வராது என்று நம்புகிறார். "எனக்கு இன்னா டென்ஷன் சிஸ்டர், நான் பாட்டுக்குக் கீறேன்" என்பார். அளந்தால் 170 இருக்கும். 140/90-ஐத் தொட்டாலே கவனிக்க வேண்டும். பெரும்பாலும் தலைவலிகூட இல்லாமல் அது பாட்டுக்கு மூளையையும் சிறுநீரகத்தையும் கெடுத்துக்கொண்டிருக்கும். 2021-ல் தொடங்கிய மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில் மாத்திரை வீட்டுக்கே வருகிறது. வந்தும், 'இப்பல்லாம் கோவமே வர்றதில்ல' என்று நிறுத்திவிடுகிறவர்கள் இருக்கிறார்கள். அவர்களிடம் கோபத்தைப் பற்றிப் பேசவே மாட்டேன். ரத்தம் குழாயை எவ்வளவு அழுத்தித் தள்ளுகிறது என்பதுதான் இந்த நம்பர், மனசு அமைதியா இருந்தாலும் அது ஏறும் என்று சொல்வேன். புரிந்துகொள்கிறார்கள்.

இன்னொன்று கேஸ். வயிறு உப்பினால் கேஸ், ஏப்பம் வந்தால் கேஸ், தோள் பிடித்தால் கேஸ், முதுகு வலித்தால் கேஸ், நெஞ்சு இறுக்கினாலும் கேஸ்தான். சோடா குடிப்பார்கள், ஓமம் மெல்லுவார்கள், மெடிக்கலில் ஒரு மாத்திரை வாங்கிப் போடுவார்கள். பாதி நேரம் சரியாகியும் விடும், அதுதான் ஆபத்து. மாரடைப்பும் இப்படியே வரலாம்: நடுநெஞ்சில் பாரம், இடது கையிலோ தாடையிலோ முதுகிலோ வலி, குளிர்ந்த வேர்வை, குமட்டல். பெண்களுக்கும் சுகர் உள்ளவர்களுக்கும் பெரிய வலியே இல்லாமலும் வரும். ஆங்கிலத்திலும் இந்தக் குழப்பம் உண்டு. அமிலம் மேலேறி எரிவதை அவர்கள் 'ஹார்ட்பர்ன்' என்கிறார்கள். இதயத்துக்கும் அதற்கும் சம்பந்தமே கிடையாது.

மீன் விற்கும் அக்கா ஒருத்தர் காலையில் வந்தார். "நெஞ்சுல கேஸு பிடிச்சிக்கிச்சு சிஸ்டர், ஒரு ஊசி போட்டு வுடு, வியாபாரம் கெடுது." நெற்றியெல்லாம் வேர்வை. கூடையைத் தூக்கும்போது ஜாஸ்தியாகுதா என்று கேட்டேன். ஆமாம் என்றார். இசிஜி எடுத்தோம், மாறியிருந்தது. 108-ஐக் கூப்பிட்டு ஸ்டான்லி அரசு மருத்துவமனைக்கு அனுப்பினோம். பிழைத்து வந்தார். தெருவில் யாராவது கேஸ் என்றால் இப்போது அவரே இழுத்துக்கொண்டு வருகிறார்.

கேஸ் என்று சொல்கிறவரிடம் "கேஸெல்லாம் இல்ல" என்று நான் மறுப்பதில்லை. மறுத்தால் வாய் மூடிக்கொள்வார்கள். எங்கே பிடிக்குது, வேர்த்துதா, படி ஏறினா கூடுதா, சுகர் மாத்திரை சாப்பிடுறீங்களா என்று கேட்டுக்கொண்டே இசிஜி மேசைப் பக்கம் கூட்டிப்போவேன். முதல் இசிஜி சரியாக இருந்தாலும் சந்தேகம் இருந்தால் விடக்கூடாது; இதயத் தசை அடிபட்டிருக்கிறதா என்று காட்டும் ட்ரோபோனின் ரத்தப் பரிசோதனை வேண்டியிருக்கும், சில மணி நேரம் கழித்துத் திரும்பவும் எடுக்க வேண்டியிருக்கும்.

புதிதாக வரும் பிள்ளைகள் இந்தப் பேச்சைக் கேட்டுச் சிரித்தால் எனக்குக் கோபம் வரும். கேஸ் என்று கேட்டவுடன் 'கேஸ்ட்ரைட்டிஸ்' என்று எழுதுவது அதைவிட மோசம். அந்த ஒரு வார்த்தையைப் படித்தால் அடுத்து வரும் டாக்டர் வயிற்றைத்தான் பார்ப்பார். அதனால் நோயாளி சொன்னதைச் சொன்னபடியே முதல் வரியில் எழுதச் சொல்கிறேன்: நெஞ்சில் கேஸ், வேர்வை, கூடை தூக்கினால் அதிகம்.