குழந்தைகளுக்குத் தெரியாது

"குழந்தைகளுக்கு வித்தியாசம் தெரியுமா?" என்று அக்கா கேட்டார். "தெரியாது" என்றேன். தலையாட்டிவிட்டுக் கையிலிருந்த தாளைப் புரட்டினார். அடுத்து கழிப்பறைக் குழாய்களைப் பற்றிப் பேச ஆரம்பித்துவிட்டோம்.

நடந்தது அவ்வளவுதான். யாரும் குரலை உயர்த்தவில்லை. அதற்கப்புறம் யாரும் என்னைக் குறை சொன்னதும் இல்லை. இருந்தும் அந்தப் பதில் எனக்கு இன்னும் செரிக்கவில்லை.

அக்கா என்று நான் சொல்வது நான் வேலை பார்க்கும் பொழுதுபோக்குப் பார்க்கின் முதலாளியம்மாவை. அவரும் அவருடைய தம்பியும் மூன்றாம் தலைமுறை. நேரில் இருவரையும் பெயர் சொல்லித்தான் கூப்பிடுவேன், அமெரிக்காவில் அதுதான் வழக்கம். மனசுக்குள் மட்டும் அக்கா, தம்பி. நான் அவர்களுக்குக் கணக்கு எழுதுகிறவன்.

விஷயம் இதுதான்: பிள்ளைகள் மரக்குதிரையில் ஏறிச் சுற்றும் ராட்டினத்தின் கொட்டகைக் கூரை ஒழுகியது. வேறு ரைடாக இருந்தால் தார்பாலின் போட்டு மூடிவிட்டு அடுத்த சீசனில் பார்த்துக்கொள்ளலாம். இவை நூறு வயது தாண்டிய மரக்குதிரைகள். பார்ப்பதற்கு ஒரே கட்டையில் செதுக்கிய மாதிரி தெரியும், ஆனால் வயிறு வெறும் பெட்டிதான். பாஸ்வுட் என்ற லேசான மரத்தின் பலகைகளைப் பசை போட்டு ஒட்டி, வெளிப்பக்கம் செதுக்கி, தலையையும் கால்களையும் தனியாகச் செய்து மர முளை வைத்துச் சேர்த்திருப்பார்கள். ஈரம் ஏறி ஏறிக் காய்ந்தால் ஒட்டுகள் விட ஆரம்பிக்கும். முதலில் பெயிண்டில் மயிரிழை மாதிரி ஒரு கோடு. கொஞ்ச காலம் கழித்துப் பார்த்தால் அதற்குள் நகம் நுழையும். மெக்கானிக் ஒருநாள் என் விரலைப் பிடித்து ஒரு குதிரையின் அடிவயிற்றில் வைத்துக் காட்டினார். நுழைந்தது.

கூரைக்குப் பணம் இல்லை. எங்கள் மாதிரி சின்ன பார்க்கில் இரண்டு சனிக்கிழமை மழை பெய்தால் அந்த மாத லாபம் போச்சு. இன்ஷூரன்ஸ் பிரீமியம் மழைக்கும் வெயிலுக்கும் ஒரே மாதிரி வரும். ராட்டினம் சம்பாதித்துத் தருவதில்லை. சம்பாதிப்பது சாப்பாட்டுக் கடையும் பிறந்தநாள் பார்ட்டிகளும்தான். பென்சில்வேனியாவில் கனோபெல்ஸ் என்ற குடும்பப் பார்க்கில் 1913-இல் செய்த ராட்டினம் இன்னும் ஓடுகிறது, சுற்றும்போதே கையை நீட்டிப் பித்தளை வளையம் பிடுங்கும் விளையாட்டுகூட இருக்கிறது. தம்பிக்கு அந்தப் பேரைச் சொன்னாலே கோபம் வரும். "அவர்களுக்கு இருக்கிற கூட்டம் நமக்கு இருக்கிறதா?" என்பார். நியாயம்தான்.

வெளி வரிசைக் குதிரைகளில் இரண்டை விற்கலாம் என்ற யோசனை தம்பியுடையது. விற்பதற்கு முன் அச்சு எடுத்து, ஃபைபரில் அதே மாதிரி வார்த்து, அதே இடத்தில் நிறுத்திவிடுவது. கணக்குப் போட்டுக் காட்டு என்றார்கள். போட்டேன்.

அந்தத் தாளை நினைத்தால் இப்போதும் எனக்குக் கொஞ்சம் பெருமைதான். எங்கள் புத்தகத்தில் ராட்டினத்தின் மதிப்பு சைபர். வாங்கிய விலையை வருடா வருடம் கழிக்கிற தேய்மானம் முழுவதையும் அக்காவின் அப்பா காலத்திலேயே எழுதி முடித்தாகிவிட்டது. ஆக, விற்று வருவது அத்தனையும் லாபம். வரி போக மிச்சம் கூரைக்கு. இந்தக் குதிரைகளுக்கென்று ஒரு சந்தை இருக்கிறது. அரிதான வெளி வரிசைக் குதிரை ஒன்று லட்சம் டாலரைத் தாண்டிப் போனதும் உண்டு. எங்களுடையவை அந்த ரகம் இல்லை. ஆனாலும் இரண்டு விற்றால் கூரை வந்துவிடும், கையில் கொஞ்சம் நிற்கும். ஃபைபர் குதிரை புதுச் சொத்து. பொழுதுபோக்குப் பூங்காச் சாதனங்களுக்கு அமெரிக்க வரிச் சட்டம் 7 வருடத் தேய்மானம் தருகிறது, அதையும் வாங்கிக்கொள்ளலாம். அதாவது புத்தகப்படி மரக்குதிரைக்கு மதிப்பே இல்லை, ஃபைபர் குதிரைக்கு இருக்கிறது. அந்த வரியை டைப் செய்யும்போது சிரித்தேன். தப்பு எதுவும் இல்லை. விதி அப்படித்தான்.

தாளைப் படித்து முடித்த பிறகுதான் அக்கா அந்தக் கேள்வியைக் கேட்டார்.

என் பதிலுக்கு ஆதரவாக நிறையச் சொல்ல முடியும், பலமுறை எனக்கு நானே சொல்லியும் இருக்கிறேன். முதலாவது, அது உண்மை. அடுத்த கோடையில் வேலியோரம் நின்று பார்த்தேன். கேட்டைத் திறந்ததும் பிள்ளைகள் ஓடிப்போய் ஏறுவது ஃபைபர் குதிரையில்தான். மரக்குதிரையின் சேணத்தில் பெயிண்ட் மேல் பெயிண்டாக அடித்து அடித்து இலைகளின் விளிம்பெல்லாம் மழுங்கிப் போயிருக்கிறது. புதுசோ பளபளவென்று இருக்கிறது. ஒரு பையன் அதற்காகத் தங்கையைத் தள்ளிவிட்டே ஏறினான். "தெரியாது" என்பதைவிட "இதுதான் பிடிக்கும்" என்றே சொல்லியிருக்கலாம் போல.

இரண்டாவது, இந்தக் கேள்வியைக் கேட்ட முதல் ஆள் எங்கள் அக்கா இல்லை. குதிரைகளைச் செய்த பட்டறைகளே கேட்டிருக்கின்றன. அமெரிக்க ராட்டினம் கடிகார முள்ளுக்கு எதிர்த்திசையில் சுற்றும். அதனால் வெளியே நிற்பவர்கள் கண்ணில் படுவது குதிரையின் வலப்பக்கம். அந்தப் பக்கத்தை ரொமான்ஸ் சைட் என்பார்கள். பூ, கண்ணாடிக் கல், பறக்கிற பிடரி எல்லாம் அந்தப் பக்கம். இடப்பக்கம் சாதா. உள் வரிசைகளுக்குப் போகப்போகக் குதிரைகளும் சின்னதாகும், வேலைப்பாடும் குறையும். யாரும் பார்க்காத பக்கத்துக்கு எதற்குக் கூலி என்று எவனோ ஒரு கணக்குப்பிள்ளை அன்றைக்கே சொல்லியிருக்கிறான். நார்த் டோனவாண்டாவில் இருந்த ஆலன் ஹெர்ஷல் கம்பெனி பிற்பாடு மரத்தையே விட்டுவிட்டு அலுமினியக் குதிரைக்குப் போனது. அதிலும் பிள்ளைகள் சந்தோஷமாகத்தான் சுற்றினார்கள். ஆக, பழமை பழமை என்று நாம் கும்பிடுகிற பொருளிலேயே சிக்கனக் கணக்கு இருக்கிறது.

இந்த வாதம் எனக்கு ரொம்பப் பிடிக்கும். ஒருநாள் மெக்கானிக்கிடம் சொல்லிப் பார்த்தேன். அவர் ஒரு குதிரையின் இடப்பக்கத்தைக் காட்டினார். சேணத்தின் வார், கொக்கி, கொக்கியில் ஊசி நுழைகிற துளை எல்லாம் செதுக்கித்தான் இருந்தது. பூ மட்டும்தான் இல்லை. "இது சிக்கனமா?" என்றார். பதிலுக்குக் காத்திருக்காமல் போய்விட்டார். சிக்கனம்தான் என்று இன்னமும் நினைக்கிறேன். ஆனால் அந்தத் துளையைச் செதுக்கச் சொல்லி யார் காசு கொடுத்திருப்பார்கள் என்று தெரியவில்லை.

மூன்றாவது வாதம்தான் பலமானது. கூரை இல்லாவிட்டால் எல்லாக் குதிரையும் போயிருக்கும். அமெரிக்காவில் ஆயிரக்கணக்கில் இருந்த மரக்குதிரை ராட்டினங்களில் இன்று ஓடுவது சில நூறைத் தாண்டாது. தீ, வெள்ளம், 1930களின் மந்தம் எல்லாம் தின்றது போக, 1970களுக்குப் பிறகு மிச்சத்தைத் தின்றது ஏலம். வரவேற்பறையில் நிறுத்தி வைக்க ஒற்றைக் குதிரை வேண்டும் என்று சேகரிப்பாளர்கள் கிளம்பினார்கள். உதிரியாக விற்றால் முழு ராட்டினத்தைவிட அதிகம் கிடைக்கும் என்று ஆனதும் நொடித்துப்போன பார்க்குகள் பிரித்து விற்றன. இதைப் பார்த்துத்தான் 1973-இல் ராட்டினங்களை முழுசாகக் காப்பாற்ற வேண்டும் என்று ஒரு தேசியச் சங்கமே தொடங்கினார்கள். ஒஹாயோவில் யங்ஸ்டவுன் நகரத்தில் இடோரா பார்க் 1984-இல் தீப்பிடித்து மூடியபோது, பிலடெல்பியா டொபோகன் கம்பெனி 1922-இல் செய்த அதன் ராட்டினம் ஏலத்துக்கு வந்தது. நியூயார்க்கிலிருந்து வந்த ஒரு தம்பதி அதை முழுசாக எடுத்தார்கள். வருடக்கணக்கில் பழுது பார்த்து, 2011-இல் புரூக்ளின் ஆற்றங்கரையில் மறுபடி ஓட விட்டார்கள். அப்படிப்பட்டவர்கள் எல்லா ஏலத்துக்கும் வருவதில்லை. இரண்டைக் கொடுத்து மற்றதைக் காப்பாற்றினோம் என்பதுதான் எங்கள் கதை. வந்தவர் போனவரிடமெல்லாம் தம்பி இப்படித்தான் சொல்கிறார். நானும் தலையாட்டுகிறேன்.

சரி, அப்புறம் என்ன உறுத்தல்?

அன்றைக்கு அந்த அறையில் மெக்கானிக்கும் இருந்தார். குதிரைகளுடன் பாதி ஆயுளைக் கழித்தவர். அக்கா அவரைக் கேட்கவில்லை, என்னைக் கேட்டார். ராட்டினத்தில் நான் முதல் தடவை ஏறியதே வேலைக்குச் சேர்ந்த பிறகுதான். அக்கா அப்படி இல்லை, அதைச் சுற்றியே வளர்ந்தவர். குழந்தைகளுக்குத் தெரியுமா என்பதற்கு என்னைவிட அவருக்குத்தான் பதில் தெரிந்திருக்கும். அப்புறம் ஏன் என்னைக் கேட்க வேண்டும்? மெக்கானிக் என்ன சொல்வார் என்று தெரிந்ததால் அவரைக் கேட்கவில்லை என்று தோன்றுகிறது. நான் என்ன சொல்வேன் என்றும் தெரிந்ததால்தான் என்னைக் கேட்டார் என்றும் தோன்றுகிறது. சில நாள் இதுவே தலைகீழாகவும் தோன்றும்: ஒருவேளை நான் மறுப்பேன் என்று எதிர்பார்த்தாரோ? எண்களை மட்டும் பார்க்கிறவனே தயங்கினால், தம்பியிடம் அதைச் சொல்லி நிறுத்தியிருப்பாரோ? அவர் கேட்ட தொனியை எத்தனையோ தடவை மனசில் ஓட்டிப் பார்த்துவிட்டேன். இரண்டு விதமாகவும் கேட்கிறது.

"தெரியாது, ஆனால்" என்று ஆரம்பித்திருக்கலாம். அந்த "ஆனால்" பக்கத்தில் என்ன வைப்பது என்று அன்றைக்கும் தெரியவில்லை, இன்றைக்கும் தெரியவில்லை. கூரைக்கு வேறு வழி என் கையில் இருந்ததா? இல்லை. வழி இல்லாமல் "ஆனால்" மட்டும் சொல்வது கணக்குக்காரன் வேலையா? கேட்ட கேள்விக்குப் பதில் சொல்லத்தான் சம்பளம் தருகிறார்கள். இதை எழுதும்போது சரியாகத்தான் தெரிகிறது. வாய்விட்டுப் படித்தால் சின்னதாக இருக்கிறது.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். எங்கள் ராட்டினத்தின் மேடை தரையில் உட்கார்ந்திருப்பதில்லை. நடுக்கம்பத்தின் உச்சியிலிருந்து குடைக் கம்பிகள் மாதிரி விரியும் மரக் கைகளில், இரும்புக் கம்பி கட்டித் தொங்குகிறது. ஒரு பக்கம் எடை குறைந்தால் மேடை லேசாகச் சாயும், மேலே பேரிங் ஒரு பக்கமாகத் தேயும். ஃபைபர் குதிரை மரத்தைவிட லேசு. என் தாளில் இதற்கு ஒரு வரி கூட இல்லை, எனக்குத் தோன்றவே இல்லை. மெக்கானிக் மரக்குதிரைகளை அனுப்புவதற்கு முன்னால் எடை போட்டு வைத்திருக்கிறார். ஃபைபர் வந்ததும் அதையும் போட்டிருக்கிறார். வித்தியாசத்துக்கு இரும்புத் தகடு வாங்கி மேடைக்கு அடியில் போல்ட் போட்டு முடுக்கிவிட்டார். ரசீது என் மேசைக்கு வந்தது. எதற்காக என்ற இடத்தில் "குதிரைகளின் மீதி" என்று கிறுக்கியிருந்தார். குத்தலா, சும்மா குறிப்பா என்று கேட்கவில்லை. பராமரிப்புச் செலவில் எழுதிவிட்டேன். சின்னத் தொகை.

விற்றதில் அவருக்கு வருத்தமா என்றால், அப்படியும் தெரியவில்லை. கூரை முடிந்த அன்று எல்லோருக்கும் காபி வாங்கிக் கொடுத்தவர் அவர்தான். "மரத்துக்குத் தண்ணீரைவிடச் சேகரிப்பாளர் மேல்" என்றார். நான் தேடிக்கொண்டிருந்த ஆறுதல் அதிலேயே கிடைத்திருக்க வேண்டும். கிடைக்கவில்லை.

இப்போது ராட்டினத்துக்குப் பாட்டு வாசிக்கும் பேண்ட் ஆர்கன் மூச்சு விடுவதில்லை. துருத்தித் தோல் காய்ந்துவிட்டது, பாட்டு பாதியில் இளைக்கிறது. பழுது பார்ப்பவர் சொன்ன தொகையைக் கேட்டதும் தம்பி என்னைப் பார்த்தார். போன தடவை போட்ட மாதிரி ஒரு தாள், இந்த முறை ஒரே ஒரு குதிரைக்கு. அக்கா ஒன்றும் சொல்லவில்லை.

தாள் கிட்டத்தட்ட ரெடி. யாரும் கேட்காத ஒரு வரியைச் சேர்க்கலாமா என்று யோசித்துக்கொண்டிருக்கிறேன்: ராட்டினத்தை முழுசாக விற்றால் என்ன கிடைக்கும், ஒவ்வொரு குதிரை போகப்போக அந்த முழு விலை எவ்வளவு இறங்கும் என்று. மூன்றாவது குதிரையோடு நிறுத்த அது ஒரு காரணமாகலாம். ஆனால் தம்பி அந்த வரியை வேறு விதமாகவும் படிப்பார். விலை இறங்குவதற்குள் மொத்தமாகத் தள்ளிவிடலாமே என்று அவருக்குத் தோன்ற ஒரு நிமிஷம் போதும். வரியைப் போட்டேன், அழித்தேன், மறுபடி போட்டு அந்த வரிசையை மறைத்து வைத்திருக்கிறேன். திங்கட்கிழமை காலைக்குள் அனுப்ப வேண்டும்.